கடன் மீட்பும் கடனாளியின் வழக்கும்

வீட்டையோ தொழிற்கூடத்தையோ அடமானம் வைத்து வாங்கிய கடனுக்குத் தவணை நின்றுபோனால், வங்கி எந்த நீதிமன்றத்திலும் வழக்குத் தொடுக்காமல், தன் அலுவலர் ஒருவரைக் கொண்டே அந்தச் சொத்தைக் கைப்பற்றி ஏலத்தில் விற்றுப் பாக்கியை எடுத்துக்கொள்ளலாம் என்பது 2002-ஆம் ஆண்டு முதல் இந்தியாவில் நடைமுறையில் உள்ள சட்டம். அதற்கு முன்பு பெரும்பாலும் வழக்கைத் தொடங்க வேண்டியவர் கடன் கொடுத்தவரே. கடன் உண்மையானது, தொகை சரியானது, அடமானம் செல்லத்தக்கது என்பவற்றை நீதிபதியின் முன் மெய்ப்பித்த பிறகுதான் அவர் சொத்தின் மீது கைவைக்க முடிந்தது. இப்போது அந்த வரிசை தலைகீழாகிவிட்டது. வங்கி முதலில் செயல்படுகிறது. அச்செயல் முறையற்றது என்று கருதும் கடனாளிதான் நீதிமன்றத்தைத் தேடிச் செல்லவும், கட்டணம் செலுத்தவும், குறித்த நாள்களுக்குள் மனுவைத் தாக்கல் செய்யவும் வேண்டியிருக்கிறது. கடனாளிகள் தொடுக்கும் வழக்குகளில் சில ஏன் வெல்கின்றன, வேறு பல ஏன் வாசலிலேயே திருப்பி அனுப்பப்படுகின்றன என்பதை விளங்கிக்கொள்ள இந்த இடமாற்றத்தை மனத்தில் இருத்த வேண்டும். ஏனெனில் இங்கே பெரும்பாலும் கேட்கப்படும் கேள்வி கடன் பாக்கி உண்டா என்பதன்று, வங்கி சட்டம் வகுத்த படிகள் அனைத்தையும் ஒழுங்காகக் கடந்து வந்ததா என்பதே.

பழைய முறையில் அடமான வழக்கு உரிமையியல் நீதிமன்றத்தில் நடந்தது. முதனிலைத் தீர்ப்பாணை, இறுதித் தீர்ப்பாணை, அதன் பிறகு நிறைவேற்று மனு என்று அது நீண்டு, கடன் வாங்கியவரின் பிள்ளைகள் காலத்தில்கூட முடியாமல் கிடப்பதுண்டு. இந்தத் தேக்கத்தை உடைக்க 1993-இல் கடன் மீட்புத் தீர்ப்பாயங்கள் தனிச் சட்டத்தால் உருவாக்கப்பட்டன. அவற்றாலும் வேகம் போதவில்லை என்று கருதிய ஒன்றிய அரசு, 1991-இலும் 1998-இலும் நரசிம்மம் தலைமையில் அமைந்த குழுக்களும் அவற்றின் பின் அந்தியாருஜினா தலைமையிலான குழுவும் அளித்த பரிந்துரைகளை ஏற்று, 2002 ஜூனில் ஓர் அவசரச் சட்டத்தைப் பிறப்பித்து, அதே ஆண்டில் அதனை நாடாளுமன்றச் சட்டமாக்கியது. நிதிச் சொத்துகளைப் பிணையமாக்கல், மறுகட்டமைத்தல், பிணைய உரிமையைச் செயற்படுத்தல் ஆகியவற்றுக்கான அந்தச் சட்டத்தை அதன் ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துகளைச் சேர்த்து ‘சர்ஃபாசி’ என்றே வங்கியாளர்களும் வழக்கறிஞர்களும் கடனாளிகளும் அழைக்கின்றனர். வங்கிகள் கடனாகக் கொடுப்பது பொதுமக்கள் சேமித்து வைத்த பணம் என்பதும், அது திரும்பி வராவிட்டால் அடுத்தவருக்குக் கடன் கிடைக்காது என்பதும் இச்சட்டத்தின் அடிப்படை நியாயங்கள், அவற்றை மறுப்பதற்கில்லை. ஆனால் இத்தனை பெரிய அதிகாரம் வழக்கின் ஒரு தரப்பிடமே ஒப்படைக்கப்படும்போது, அதற்கு எல்லை வகுக்கும் விதிகள் எழுத்துக்கு எழுத்து பின்பற்றப்பட வேண்டும் என்று கடனாளி கேட்பதும் அதே அளவுக்கு நியாயமானது.

எல்லாக் கடன்களும் இச்சட்டத்துக்குள் வருவதில்லை. ஈடு எதுவும் இல்லாத தனிநபர் கடன், கடன் அட்டைப் பாக்கி, சொத்துப் பிணை பெறாமல் கொடுத்த கல்விக் கடன் ஆகியவற்றுக்காக இச்சட்டத்தின்படி ஒருவரின் வீட்டைக் கைப்பற்ற முடியாது. அவற்றுக்கு வங்கி உரிமையியல் வழக்கு தொடுக்கலாம், பாக்கி 20 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ இருந்தால் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம், காசோலை திரும்பியிருந்தால் அதற்குரிய குற்றவழக்கைத் தொடரலாம். ஈடு வைத்த கடனிலும், பாக்கித் தொகை ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்படாவிட்டாலோ, அசலும் வட்டியும் சேர்ந்த தொகையில் 20 விழுக்காட்டுக்குக் குறைவாகவே மீதமிருந்தாலோ, இச்சட்டத்தைப் பயன்படுத்த இயலாது. கடைசியிலுள்ள அந்த விலக்கு பலரும் அறியாதது. இருபது ஆண்டு வீட்டுக் கடனைப் பெருமளவு கட்டி முடித்து, இறுதிக் கட்டத்தில் வேலையிழந்து தவிக்கும் குடும்பத்துக்கு அது உண்மையான அரண்.

விளைநிலத்துக்கான விலக்கு இவற்றினும் சிக்கலானது. விளைநிலத்தின் மீது ஏற்பட்ட பிணைய உரிமையை இச்சட்டத்தின்கீழ்ச் செயற்படுத்த முடியாது என்று 31-ஆம் பிரிவு சொல்கிறது. ஆனால் எது விளைநிலம் என்பதை அது வரையறுக்கவில்லை. சிட்டாவிலும் அடங்கலிலும் புன்செய் என்று பதிவாகியிருப்பது மட்டும் போதுமா என்ற கேள்வி தமிழ்நாட்டிலிருந்து சென்ற வழக்கொன்றில் 2018-இல் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. இந்தியன் வங்கிக்கும் பாப்பிரெட்டியார் என்பவருக்கும் இடையிலான அவ்வழக்கில், வருவாய்த்துறைப் பதிவு ஒரு சான்றே தவிர முடிந்த முடிவன்று என்றும், நிலத்தின் தன்மை, அது எதற்குப் பயன்பட்டு வந்தது, பிணையம் ஏற்படுத்தப்பட்ட நாளில் இரு தரப்பினரும் அதை எந்த நோக்கத்தில் கருதினர் என்பவற்றையெல்லாம் சேர்த்துப் பார்த்தே தீர்மானிக்க வேண்டும் என்றும் நீதிமன்றம் கூறியது. அதே ஆண்டு கோவா விடுதி ஒன்றைப் பற்றிய வழக்கில், நட்சத்திர விடுதியின் வளாகத்துக்குள் அடங்கிய சில துண்டு நிலங்கள் பதிவேட்டில் விளைநிலமாக இருந்ததைக் காட்டி ஏலத்தைத் தடுக்கும் முயற்சியை அந்நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆகவே, உண்மையில் பயிர் செய்துவரும் உழவர் தம் பக்கம் பதிவேட்டோடு சாகுபடிக்கான வேறு சான்றுகளையும் சேர்த்து வைத்திருந்தால்தான் இந்த விலக்கு அவருக்குப் பயன்படும்.

நடவடிக்கையின் முதல் படி, கணக்கு ‘வாராக்கடன்’ என்று வகைப்படுத்தப்படுவது. அசலோ வட்டியோ 90 நாள்களுக்கு மேல் கட்டப்படாமல் நின்றால் கணக்கு அந்நிலையை அடைகிறது. குறுகிய காலப் பயிர்களுக்கான வேளாண் கடன்களில் மட்டும் இரண்டு பயிர்ப் பருவங்கள் வரை கெடு உண்டு. அடுத்து, 13-ஆம் பிரிவின் 2-ஆம் உட்பிரிவின்படி வங்கி ஓர் அறிவிப்பை அனுப்ப வேண்டும்: பாக்கி எவ்வளவு, எந்தச் சொத்தின் மீது நடவடிக்கை எடுக்கப்படவிருக்கிறது என்னும் விவரங்களைக் குறிப்பிட்டு, 60 நாள்களுக்குள் முழுத் தொகையையும் கட்டுமாறு கோர வேண்டும். இந்த அறிவிப்பு கிடைத்த பிறகு வங்கியின் எழுத்துப்பூர்வ ஒப்புதல் இல்லாமல் அந்தச் சொத்தை விற்கவோ வாடகைக்கு விடவோ கடனாளிக்கு உரிமையில்லை என்பதால், அறிவிப்பு கண்டதும் சொத்தை உறவினர் பெயருக்கு மாற்றிவிடலாம் என்று எண்ணுவது வழக்கை மேலும் கெடுக்கும் செயலாகவே முடியும்.

இந்த 60 நாள்களுக்குள் கடனாளி தம் மறுப்பையோ விளக்கத்தையோ எழுத்தில் அனுப்பினால், வங்கி அதைப் பரிசீலித்து, ஏற்க முடியாவிட்டால் அதற்கான காரணங்களை 15 நாள்களுக்குள் எழுதி அனுப்பியாக வேண்டும். இக்கடமை சட்டம் இயற்றப்பட்டபோது இல்லாதது. கடனாளிகள் நீதிமன்றத்தில் போராடிப் பெற்றது. சட்டம் வந்த சூட்டிலேயே அதன் செல்லுபடித் தன்மையை எதிர்த்துக் குஜராத்தைச் சேர்ந்த மார்டியா கெமிக்கல்ஸ் நிறுவனமும் வேறு பலரும் உச்ச நீதிமன்றம் சென்றனர். 2004 ஏப்ரல் 8-இல் வந்த தீர்ப்பு சட்டத்தை மொத்தத்தில் நிலைநிறுத்தியது. எனினும் இரண்டு இடங்களில் கடனாளிக்கு மூச்சுவிட இடம் கொடுத்தது. ஒன்று, அறிவிப்புக்குக் கடனாளி அனுப்பும் பதிலை வங்கி மனம் செலுத்திப் படித்துக் காரணம் சொல்ல வேண்டும் என்பது. அதுவே அவ்வாண்டுத் திருத்தத்தின் வாயிலாக 13(3ஏ) என்னும் உட்பிரிவாகச் சட்டத்தில் ஏறியது. மற்றொன்று இன்னும் பெரியது. வங்கியின் நடவடிக்கையை எதிர்த்துத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்ய வேண்டுமானால் வங்கி கோரும் தொகையில் 75 விழுக்காட்டை முன்கூட்டியே கட்ட வேண்டும் என்று மூலச் சட்டம் விதித்திருந்தது. சொத்தும் வங்கியின் கைக்குப் போய், தொகை எவ்வளவு என்பதை எந்த நீதிபதியும் இன்னும் தீர்மானிக்காத நிலையில், முதன்முறையாகத் தம் வழக்கைச் சொல்ல வருபவரிடம் முக்கால் பங்குப் பணத்தைக் கேட்பது தன்னிச்சையானது, சமத்துவத்தை உறுதிசெய்யும் அரசமைப்பின் 14-ஆம் உறுப்புக்கு முரணானது என்று கூறி, நீதிமன்றம் அந்த விதியை நீக்கியது. இன்று சாதாரணக் கடனாளி ஒருவர் குறித்த மனுக் கட்டணத்தை மட்டும் செலுத்தித் தீர்ப்பாயத்தின் முன் நிற்க முடிகிறது என்றால், அதற்குக் காரணம் இத்தீர்ப்பே.

இவ்வளவு போராடிப் பெற்ற பதில் அனுப்பும் உரிமையைப் பல கடனாளிகள் பயன்படுத்தாமல் விட்டுவிடுவது வருந்தத்தக்கது. அறிவிப்பைக் கண்டு அஞ்சி அதை வாங்க மறுப்பதும், கிளை மேலாளரை நேரில் பார்த்து வாய்வார்த்தையாகத் தவணை கேட்டுவிட்டு வருவதும் எந்தப் பதிவையும் விட்டுவைப்பதில்லை. பாக்கித் தொகையில் வரவு வைக்கப்படாத தவணைகள், தவறாகக் கூட்டப்பட்ட அபராதம், கணக்கு வாராக்கடனாக மாறியதாகச் சொல்லப்படும் நாள் ஆகியவற்றை இந்தப் பதிலில் எழுத்தாகக் கேட்டிருந்தால், பின்னால் தீர்ப்பாயத்தில் அதுவே வழக்கின் முதுகெலும்பாகும். வங்கி பதிலளிக்க வேண்டியது கட்டாயம் என்று மேற்கூறிய கோவா விடுதி வழக்கிலும் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. ஆனாலும் அவ்வழக்கில் கடன் கொடுத்த நிறுவனம் நெடுங்காலம் பேச்சுவார்த்தை நடத்திப் பல வாய்ப்புகளைத் தந்திருந்ததால், பதில் அனுப்பாத குறை ஒன்றைக் கொண்டே ஏலத்தைச் செல்லாததாக்க முடியாது என்றும் முடிவு செய்தது. விதி கட்டாயமானது, ஆயினும் அதை மீறியதால் கடனாளிக்கு உண்மையான இழப்பு நேர்ந்ததா என்பதையும் நீதிமன்றம் பார்க்கும் என்பதே இதன் பொருள்.

60 நாள்கள் கடந்தும் பணம் வராவிட்டால், 13-ஆம் பிரிவின் 4-ஆம் உட்பிரிவின்படி வங்கி சொத்தின் உடைமையை எடுக்கலாம். உடைமை இருவகை. சொத்தின் கதவிலோ சுவரிலோ அறிவிப்பை ஒட்டி, ஏழு நாள்களுக்குள் இரண்டு நாளிதழ்களில், அவற்றில் ஒன்று அப்பகுதி மொழியில் அமைய, விளம்பரம் செய்வது குறியீட்டு உடைமை. அப்போது குடும்பம் உள்ளேயே வாழ்ந்துகொண்டிருக்கும். ஆள்களை வெளியேற்றிப் பூட்டுப் போடுவது நேரடி உடைமை. இந்தக் குறியீட்டு உடைமை வெறும் காகிதச் சடங்கு, அதற்காக வழக்குத் தொடுக்க முடியாது என்று ஒரு கருத்து சில உயர் நீதிமன்றங்களில் நிலவியது. 2018 நவம்பரில் ஹிந்தன் ஃபோர்ஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மறுத்து, குறியீட்டு உடைமை எடுத்த உடனேயே கடனாளிக்குத் தீர்ப்பாயம் செல்லும் உரிமை பிறந்துவிடுகிறது என்று தெளிவாக்கியது. உரிமை பிறக்கும் நாளிலேயே காலக்கெடுவும் ஓடத் தொடங்குகிறது என்பதை இதோடு சேர்த்தே புரிந்துகொள்ள வேண்டும்: 17-ஆம் பிரிவின்படி மனுத் தாக்கல் செய்யக் கிடைப்பது 45 நாள்களே. வீட்டைவிட்டு யாரும் வெளியேற்றவில்லையே என்று எண்ணிக் காத்திருப்பவர், காவலர் துணையோடு அலுவலர் வந்து நிற்கும் நாளில், தம் கெடு என்றோ முடிந்துபோனதை அறிகிறார்.

நேரடி உடைமைக்குக் கடனாளி இணங்காவிட்டால், வங்கி 14-ஆம் பிரிவின்படி மாவட்ட ஆட்சியரிடமோ தலைமை நீதித்துறை நடுவரிடமோ உதவி கோருகிறது. ஆட்சியர் அலுவலகத்திலிருந்து வரும் ஆணையைக் கண்டு, அங்கேயே சென்று முறையிட்டால் தீர்வு கிடைக்கும் என்று நம்புவோர் உண்டு. ஆனால் வங்கி தாக்கல் செய்யும் உறுதிமொழிப் பத்திரத்தில் சட்டம் கேட்கும் விவரங்கள் அனைத்தும் உள்ளனவா என்று சரிபார்ப்பதோடு ஆட்சியரின் வேலை முடிந்துவிடுகிறது. கடன் நியாயமானதா, வட்டி சரியானதா என்று விசாரிக்கும் அதிகாரம் அவருக்கு இல்லை. அந்த ஆணையையும் எதிர்க்க வேண்டிய இடம் தீர்ப்பாயமே.

அந்தத் தீர்ப்பாயம், மாவட்ட நீதிபதியாகும் தகுதி பெற்ற ஒருவர் தலைமை வகிக்கும் தனி நீதி அமைப்பு. தமிழ்நாட்டில் சென்னை, கோயம்புத்தூர், மதுரை ஆகிய நகரங்களில் அது செயல்படுகிறது; மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் சென்னையில் உள்ளது. கடனாளி மட்டுமன்றி, ஜாமீன் போட்டவர், வாடகைக்குக் குடியிருப்பவர், சொத்தில் பங்குடையவர் என வங்கியின் நடவடிக்கையால் பாதிக்கப்பட்ட எவரும் அங்கே மனுச் செய்யலாம். வங்கியின் நடவடிக்கை சட்டத்துக்குப் புறம்பானது என்று கண்டால், உடைமையைக் கடனாளியிடம் திருப்பித் தருமாறு ஆணையிடும் அதிகாரமும், 19-ஆம் பிரிவின்படி இழப்பீட்டுக்கும் செலவுக்கும் வழிசெய்யும் அதிகாரமும் தீர்ப்பாயத்துக்கு உண்டு.

அங்கே எடுபடும் வாதங்கள் பெரும்பாலும் நாள்களையும் ஆவணங்களையும் சுற்றியே அமைகின்றன. அறிவிப்பு கடனாளிக்கும் ஜாமீன்தாரருக்கும் முறைப்படி சேர்ந்ததா. கையொப்பமிட்ட அலுவலர் பொதுத்துறை வங்கியின் முதன்மை மேலாளருக்குக் குறையாத நிலையில் உள்ளவரா. மத்தியப் பிணையப் பதிவகத்தில் இந்த அடமானம் பதிவு செய்யப்பட்டதா, ஏனெனில் 2020 ஜனவரி முதல் அப்பதிவு இல்லாமல் வங்கி இச்சட்டத்தைப் பயன்படுத்த இயலாது. அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளரிடம் மதிப்பு வாங்கி, அதன்பின் ஏலத்தின் அடிமட்ட விலை குறிக்கப்பட்டதா. விற்பனைக்கு முன் 30 நாள் அறிவிப்பு கடனாளிக்குக் கொடுக்கப்பட்டதா. ஏலம் எடுத்தவர் 25 விழுக்காட்டுத் தொகையை உரிய நேரத்தில் கட்டினாரா. இவற்றுள் ஒன்று தவறியிருந்தாலும் ஏலமே ரத்தாகக் கூடும். சிறு குறையைப் பிடித்துக்கொண்டு கடனாளிகள் காலம் கடத்துகிறார்கள் என்று வங்கித் தரப்பில் அடிக்கடி குறைகூறப்படுகிறது. நீதிபதியின் விசாரணை இல்லாமலே ஒருவரின் வீட்டை விற்க அனுமதிக்கும் சட்டத்தில், அந்த விசாரணைக்கு ஈடாக வைக்கப்பட்டவை இந்தப் படிகள்தாம் என்பதை அக்குறை மறந்துவிடுகிறது. மதிப்பீடு சந்தை விலைக்கு வெகுவாகக் கீழே போனால், பறிபோவது குடும்பம் ஒன்றின் ஆயுள்காலச் சேமிப்பு.

எடுபடாத வாதங்களையும் வெளிப்படையாகச் சொல்லத்தான் வேண்டும். தொழில் நொடித்தது, நோய் வந்தது, கூட்டாளி ஏமாற்றினார் என்பவை உண்மையாகவும் உருக்கமாகவும் இருந்தாலும் அவை கைப்பற்றலைத் தடுக்கும் சட்டக் காரணங்களாவதில்லை. வட்டி மிக அதிகம் என்ற வாதமும் அவ்வாறே: 1938-இல் ராஜாஜி தலைமையிலான சென்னை மாகாண அரசு விவசாயிகளின் கடன்களை நீதிமன்றமே குறைத்துத் தீர்க்க வழிசெய்த மரபு இம்மண்ணுக்கு உண்டெனினும், வங்கி விதித்த வட்டி மிகையானது என்னும் காரணத்துக்காக எந்த நீதிமன்றமும் கணக்கைத் திறந்து பார்க்கக் கூடாது என்று வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21ஏ பிரிவு 1984 முதல் தடுக்கிறது. ஆனால் ஒப்பந்தத்தில் இல்லாத வட்டியை வசூலிப்பதும், அபராத வட்டியை அசலோடு சேர்த்து அதன் மீதும் வட்டி போடுவதும் வேறு செய்தி. அபராத வட்டியை அசலாக்கக் கூடாது என்று 2001-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு கூறியது; தவணை தவறியதற்காக வட்டி வடிவில் அபராதம் விதிக்கும் வழக்கத்தையே மாற்றி, அதைத் தனிக் கட்டணமாக மட்டும் வசூலிக்க வேண்டும், அதன் மீது மேலும் வட்டி ஏற்றக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2023-இல் பணித்தது. கொரோனாக் காலத்தில் 2020 மார்ச் முதல் ஆகஸ்டு வரை தவணை ஒத்திவைக்கப்பட்ட ஆறு மாதங்களுக்கு வட்டிக்கு வட்டி வாங்கக் கூடாது என்று 2021-இல் கிடைத்த தீர்ப்பும், அந்தக் காலத்துக்கான வட்டியை முழுவதும் தள்ளுபடி செய்யுமாறு கேட்ட கோரிக்கையை ஏற்கவில்லை.

‘ஓ.டி.எஸ்.’ எனப்படும் ஒரே தவணைத் தீர்வுக்கும் இந்த எல்லை பொருந்தும். பாக்கியில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்து மீதியை மொத்தமாகப் பெற்றுக் கணக்கை முடித்துக்கொள்வது வங்கியின் வணிக முடிவு. அத்தகைய தீர்வைத் தமக்கும் தருமாறு ஆணையிடக் கடனாளி உரிமையோடு கேட்க முடியாது என்று 2021 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கூறியது. நடைமுறையில் வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே பல கணக்குகள் இவ்வழியில் முடிகின்றன. தீர்ப்பாயங்கள் இடைக்காலத் தடை வழங்கும்போது பாக்கியில் ஒரு பகுதியைக் குறித்த நாள்களுக்குள் கட்டுமாறு நிபந்தனை விதிப்பதும், அந்தப் பணத்தைத் திரட்ட முடிகிறவர்களுக்கே பேசித் தீர்க்கும் வாய்ப்பு கிட்டுவதும் வழக்கம்.

தீர்ப்பாயத்தில் தோற்றவர் 30 நாள்களுக்குள் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் செல்லலாம். முதல் கட்டத்தில் 2004-இல் அகற்றப்பட்ட முன்பணச் சுமை இங்கே வேறு வடிவில் நிற்கிறது: பாக்கித் தொகையில் 50 விழுக்காட்டைக் கட்டினால்தான் மேல்முறையீடு ஏற்கப்படும், காரணம் எழுதி அதை 25 விழுக்காடு வரை குறைக்கலாமே தவிர, முழுவதும் விலக்கு அளிக்க முடியாது என்பது உச்ச நீதிமன்றத்தின் நிலையான கருத்து. வீட்டைக் காக்க வழக்காடும் நடுத்தரக் குடும்பத்துக்குப் பாக்கியில் கால் பங்கு என்பது, கையில் இருந்திருந்தால் தவணையே தவறியிருக்காத தொகை.

இதனால்தான் கடனாளிகள் அரசமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுத் தாக்கல் செய்ய விரும்புகின்றனர். அங்கே முன்பணம் இல்லை, தடையாணையும் விரைவில் கிடைக்கக் கூடும். ஆனால் உச்ச நீதிமன்றம் இந்தக் கதவை மெல்ல மெல்ல ஒடுக்கிவந்திருக்கிறது. 2010-இல் சத்தியவதி தாண்டன் வழக்கில், சட்டம் தனியே ஒரு தீர்வை வகுத்துத் தந்திருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் இடையில் புகுந்து தடை வழங்குவது தவறு என்று கடுமையாகச் சொன்னது. 2018, 2022, 2023 ஆகிய ஆண்டுகளின் தீர்ப்புகளிலும் அதையே வலியுறுத்தியது. கொள்கையளவில் அது சரி. எனினும் சுட்டிக்காட்டும் தீர்ப்பாயத்தில் நீதிபதியே இல்லாவிட்டால் கடனாளி எங்கே செல்வது? 2021-இல் நாடு முழுவதும் பல கடன் மீட்புத் தீர்ப்பாயங்களில் தலைமை அலுவலர் பதவிகள் காலியாகக் கிடந்தபோது, அதே உச்ச நீதிமன்றம், நிலைமை சீராகும்வரை இத்தகைய மனுக்களை உயர் நீதிமன்றங்களே விசாரிக்குமாறு அவ்வாண்டு டிசம்பரில் கேட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. கடனாளியின் மனுவை 60 நாள்களுக்குள், நீட்டித்தாலும் நான்கு மாதங்களுக்குள், முடிக்க வேண்டும் என்று 17-ஆம் பிரிவு சொல்கிறது. கடனாளிக்கு விதித்த 45 நாள் கெடு கண்டிப்பாகக் கணக்கிடப்படுகிறது. தீர்ப்பாயத்துக்கு விதித்த நான்கு மாதக் கெடு தவறினால், விரைந்து முடிக்க உத்தரவிடுமாறு மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தைக் கேட்டுக்கொள்ளும் வழி மட்டுமே சட்டத்தில் உள்ளது. இந்தச் சமனின்மையைச் சரிசெய்யாமல் உயர் நீதிமன்றக் கதவை மட்டும் அடைப்பது நீதியாகாது.

உரிமையியல் நீதிமன்றத்தைப் பொறுத்தவரை, தீர்ப்பாயம் தீர்மானிக்கக் கூடிய எதையும் அது விசாரிக்க முடியாதபடி 34-ஆம் பிரிவு தடுக்கிறது. வங்கியே மோசடி செய்ததாகச் சான்றோடு சொல்ல முடிந்தால் மட்டும் விதிவிலக்கு உண்டு. ஏலத்தைத் தடுப்பதற்காகக் குடும்ப உறுப்பினர்களைக் கொண்டு பாகப்பிரிவினை வழக்குப் போடுவது நெடுநாள் உத்தி. பங்கு கோரும் அவர்களும் தீர்ப்பாயத்தையே நாட வேண்டும் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு முடிவு கட்டியது. எனினும், தமக்குச் சொந்தமான நிலத்தை வேறொருவர் செல்லாத கிரயப் பத்திரத்தின் வழியே விற்று, வாங்கியவர் அதை வங்கியில் அடமானம் வைத்துவிட்டார் என்று ஒருவர் முறையிட்டால், அந்த உரிமைமூலக் கேள்வியை உரிமையியல் நீதிமன்றமே விசாரிக்கலாம் என்று 2025 ஜனவரியில் அது கூறியது, கடனோடு எவ்விதத் தொடர்பும் இல்லாத உண்மை உரிமையாளர்களுக்கு ஆறுதலானது.

கடனாளியின் கையிலுள்ள உரிமைகளுள் மிகப் பழையது, பாக்கியைக் கட்டிச் சொத்தை மீட்டுக்கொள்ளும் உரிமை. அடமானம் என்பது கடனுக்கான பாதுகாப்பே தவிர விற்பனையன்று என்னும் கருத்திலிருந்து பிறந்த அந்த உரிமை, விற்பனை முழுமையாக நிறைவேறும் நாள்வரை உயிரோடிருக்கும் என்பதே நெடுங்காலச் சட்டம். 2014-இல் மேத்யூ வர்கீஸ் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் அதையொட்டியே பேசி, விற்பனைக்கு முன்னான 30 நாள் அறிவிப்பைக் கட்டாயமாக்கியது. 2016-இல் நாடாளுமன்றம் 13-ஆம் பிரிவின் 8-ஆம் உட்பிரிவைத் திருத்தியபோது நிலைமை அடியோடு மாறியது. திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாகும் நாளுக்கு முன்பே முழுப் பாக்கியையும் கட்டியிருக்க வேண்டும். இதன் கடுமை 2023 செப்டம்பரில் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் வெளிப்பட்டது. சுமார் 105 கோடி ரூபாய்க்கு ஏலம் முடிந்த சொத்துக்காக, கடனாளி 129 கோடி ரூபாய் கட்டிக் கணக்கை முடித்துக்கொள்ள முன்வந்ததை மும்பை உயர் நீதிமன்றம் அனுமதித்தது. வங்கிக்குக் கூடுதல் பணம், கடனாளிக்குச் சொத்து என்று இருவருக்கும் நல்லதாகத் தோன்றிய அந்த ஏற்பாட்டை உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, அறிவிப்பு வெளியான பிறகு மீட்கும் உரிமை இல்லை, ஏலத்தில் எடுத்தவருக்கே சொத்து சேர வேண்டும் என்றது. ஏலத்தின் நம்பகம் கெட்டால் நாளை யாரும் உரிய விலை கொடுத்து ஏலம் கேட்க வரமாட்டார்கள் என்ற அதன் கவலை பொருளுடையது. ஆனால் வீட்டை விற்றோ நகையை அடகு வைத்தோ கடைசி வாரத்தில் பணம் திரட்டும் குடும்பங்கள் பல உள்ள நாட்டில், நாளிதழ் விளம்பரம் ஒன்று வெளியான காலையிலேயே அவ்வுரிமை இறந்துவிடுவது மிகக் கொடிய விதி. நாடாளுமன்றம் அதை மறுபடியும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஜாமீன் போட்டவர்களின் நிலை தனித்துச் சொல்லத் தக்கது. நண்பருக்காகவோ மைத்துனருக்காகவோ கையெழுத்திட்டவர்களிடம், முதலில் கடன் வாங்கியவரின் சொத்தை விற்றுவிட்டு மீதிக்குத்தான் வங்கி தம்மிடம் வர வேண்டும் என்ற நம்பிக்கை பரவலாக உள்ளது. இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 128-ஆம் பிரிவு அதற்கு இடம் தரவில்லை. ஜாமீன்தாரரின் பொறுப்பு கடனாளியின் பொறுப்போடு ஒத்த அளவுடையது, வங்கி இருவருள் யாரை வேண்டுமானாலும் முதலில் நாடலாம். வாடகைதாரர்களுக்கோ ஓரளவு பாதுகாப்பு உண்டு: அடமானத்துக்கு முன்பே முறையாக ஏற்பட்ட குத்தகையை வங்கி மதிக்க வேண்டும், ஆனால் பதிவு செய்யாத ஒப்பந்தங்களையும் அறிவிப்புக்குப் பின் முளைத்த ஒப்பந்தங்களையும் நீதிமன்றங்கள் ஐயத்தோடே பார்க்கின்றன.

வசூல் முகவர்களின் மிரட்டல் இந்த வழக்குகளிலிருந்து வேறானது. அதற்குத் தீர்ப்பாயம் செல்லத் தேவையில்லை. காலை 8 மணிக்கு முன்னும் மாலை 7 மணிக்குப் பின்னும் கடனாளியை அழைக்கக் கூடாது, குடும்பத்தினரையும் நண்பர்களையும் தொல்லைப்படுத்தக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022-இல் அறிவுறுத்தியது. அடியாள்களை விட்டு வண்டியைப் பிடுங்கும் வழக்கத்தை உச்ச நீதிமன்றம் 2007-இலேயே கண்டித்திருக்கிறது. வங்கியிடம் எழுத்தில் புகார் அளித்து 30 நாள்களுக்குள் தீர்வு கிடைக்காவிட்டால், கட்டணம் ஏதுமின்றி ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரை அணுகலாம். மிரட்டல் குற்றமாகும் அளவுக்குப் போனால் காவல் நிலையம் உண்டு.

ஏலம் முடிந்து சொத்து கைமாறிய பிறகும் கணக்கு முடிந்துவிடுவதில்லை. விற்ற தொகை பாக்கிக்குப் போதாவிட்டால், மீதத்துக்காக வங்கி தீர்ப்பாயத்தில் தனியே மனுச் செய்து கடனாளியின் மற்றச் சொத்துகளையும் ஜாமீன்தாரரையும் தொடரலாம். மாறாக, விற்பனைத் தொகையிலிருந்து செலவும் பாக்கியும் போக மிச்சமிருந்தால், அது உரியவரிடம் திரும்பிச் சேர வேண்டும் என்று 13-ஆம் பிரிவின் 7-ஆம் உட்பிரிவு கூறுகிறது. சொத்தை இழந்த வேதனையில் இதைக் கேட்காமலே விட்டுவிடும் குடும்பங்கள் உண்டு. ஏலத்தொகை எவ்வளவு, விளம்பரத்துக்கும் காவலுக்கும் மதிப்பீட்டுக்கும் என்று வங்கி கழித்துக்கொண்டது எவ்வளவு, கடன் கணக்கில் வரவானது எவ்வளவு என்ற விவரங்களை எழுத்தில் கேட்டுப் பெறுவதும், அவை பொருந்தாவிட்டால் அதையும் தீர்ப்பாயத்தின் முன் வைப்பதும் கடனாளிக்கு அப்போதும் எஞ்சியிருக்கும் உரிமைகள்.